இயல்பிழப்பு என்றால் உறைவதா, செயலிழப்பதா, சிதைவதா? வரையறை எழுத உதவி தேவை

சொற்குறிப்பு எழுதியது:

வணக்கம். இளநிலை உயிர்வேதியியல் மாணவர்களுக்காக ஒரு கலைச்சொல் கையேடு தயாராகிறது. ‘டீநேச்சுரேஷன்’ என்ற சொல்லுக்கான வரைவு இது:

*இயல்பிழப்பு: வெப்பம், அமிலம், காரம், ஆல்கஹால் போன்றவற்றால் புரதம் உறைந்து, நிரந்தரமாகச் செயலிழந்துபோவது. எ.கா. முட்டை வேகுதல், பால் திரிதல்.*

வரையறை சரியா என்று பார்த்துச் சொல்லுங்கள். இன்னொன்று: டி.என்.ஏ.வுக்கும் ‘டீநேச்சர்டு ஸ்பிரிட்’டுக்கும் ஆங்கிலத்தில் இதே சொல்தான். தமிழிலும் ஒரே சொல்லை வைக்கலாமா, பிரிக்க வேண்டுமா?

---

மடிப்பு எழுதியது:

உறைந்து, நிரந்தரமாக, செயலிழந்து: மூன்று சொற்களையும் எடுத்துவிடுங்கள். இயல்பிழப்போடு கூடவே அடிக்கடி நடக்கும் விஷயங்கள்தான், ஆனால் இயல்பிழப்பு என்பது அவை அல்ல.

ஒரு புரதத்தின் அமினோ அமிலச் சங்கிலி தனக்கே உரிய ஒரு முப்பரிமாண மடிப்பில் இருக்கும்போது அதை இயல்நிலை என்கிறோம். பெப்டைடு பிணைப்பு ஒன்றுகூட அறுபடாமல் அந்த மடிப்பு மட்டும் குலைவதே இயல்பிழப்பு. நான்காம் நிலை (பல சங்கிலிகள் சேர்ந்த அமைப்பு), மூன்றாம் நிலை (ஒரு சங்கிலியின் முழு மடிப்பு), பெரும்பாலும் இரண்டாம் நிலை (சுருள், தகடு போன்ற பகுதிகள்) அமைப்பும் போகும். முதல்நிலை, அதாவது எந்த அமினோ அமிலத்துக்கு அடுத்து எது என்ற வரிசை, அப்படியே இருக்கும். வரிசை அறுபட்டால் அது நீராற்பகுப்பு. கையேட்டில் அதற்குத் தனிப் பதிவு வேண்டும்.

இந்தப் பொருளை முதலில் தெளிவாக முன்வைத்தவர் சீன உயிர்வேதியியலாளர் வூ சியென், 1931-இல். இறுக மடிந்திருந்த சங்கிலி அவிழ்வதே இயல்பிழப்பு என்றார். 1936-இல் மிர்ஸ்கியும் பாலிங்கும் ஹைட்ரஜன் பிணைப்புகளை வைத்து ஏறக்குறைய இதே முடிவுக்கு வந்தார்கள்.

‘நிரந்தரமாக’ என்ற சொல்லை வீழ்த்தியது அமெரிக்க உயிர்வேதியியலாளர் அன்ஃபின்சனின் ரைபோநியூக்ளியேஸ் (ஆர்.என்.ஏ.வை வெட்டும் நொதி) சோதனை. அந்த நொதியில் 124 அமினோ அமிலங்கள், அவற்றில் கந்தகம் உள்ள சிஸ்டீன்கள் 8, அந்தக் கந்தகங்கள் இரண்டிரண்டாகச் சேர்ந்த டைசல்பைடு பிணைப்புகள் 4. 8 மோலார் யூரியாவும் மெர்காப்டோ எத்தனாலும் சேர்த்தால் மடிப்பும் போகும், டைசல்பைடும் ஒடுங்கி முறியும், செயலும் போகும். இரண்டையும் நீக்கிவிட்டுக் காற்றில் ஆக்சிஜனேற்றம் அடையவிட்டால் செயல் ஏறக்குறைய முழுதும் திரும்புகிறது.

அதைவிட அழகானது சோதனையின் மறுபாதி. யூரியா இருக்கும்போதே ஆக்சிஜனேற்றம் செய்தால் திரும்புவது ஏறக்குறைய 1% செயல்தான். 8 சிஸ்டீன்கள் ஜோடி சேர 7×5×3×1 = 105 வழிகள் உண்டு. மடிப்பின் வழிகாட்டல் இல்லாததால் சங்கிலி கண்டபடி ஜோடி சேர்ந்துகொண்டது. பிறகு யூரியாவை நீக்கித் துளி மெர்காப்டோ எத்தனால் சேர்த்ததும் தவறான ஜோடிகள் மெல்லக் கலைந்து சரியான ஜோடிகளுக்கு மாறின. மடிப்புக்கான தகவல் வரிசையிலேயே இருக்கிறது என்று இதிலிருந்துதான் சொல்ல முடிந்தது. இந்தப் பணிக்கு 1972-இல் நோபல் பரிசு.

இதில் ஒரு நுணுக்கம். டைசல்பைடு முறிவது சகப்பிணைப்பு முறிவு. யூரியா அதைத் தொடாது, மெர்காப்டோ எத்தனாலோ டி.டி.டி.யோ (டைதயோத்ரைட்டால்) போன்ற ஒடுக்கிதான் முறிக்கும். ஆகவே ‘ஒடுக்கி, இயல்பிழக்கச் செய்து’ என்று இரண்டு செயலாக எழுதுவதே துல்லியம்.

---

ஜெல்_தட்டு எழுதியது:

மடிப்பு ஐயா சொன்ன ரைபோநியூக்ளியேஸ் ஏ-வை வைத்தே ‘செயலிழப்பு’ம் ‘இயல்பிழப்பு’ம் வேறு என்று காட்டலாம். ஆய்வகத்தில் தினமும் கையாளும் பொருள்தான்.

பாக்டீரியாவிலிருந்து பிளாஸ்மிடு (சிறு வளைய டி.என்.ஏ.) எடுக்கும் கரைசலில் சேர்க்கும் ரைபோநியூக்ளியேஸில் டி.என்.ஏ.யேஸ் (டி.என்.ஏ.வை வெட்டும் நொதி) கலந்திருந்தால் எடுத்த பிளாஸ்மிடு வீண். அதைத் தவிர்க்க என்ன செய்கிறோம்? 10 மில்லிமோலார் சோடியம் அசிடேட்டில், பி.எச். 5.2-இல், ஒரு மி.லி.க்கு 10 மி.கி. வீதம் கரைத்து, 100°செ.-இல் 15 நிமிடம் வைக்கிறோம். தானாக அறை வெப்பநிலைக்கு ஆறவிட்டு, பத்தில் ஒரு பங்கு 1 மோலார் டிரிஸ் தாங்கல் கரைசல் (பி.எச்.சை நிலையாக வைப்பது), பி.எச். 7.4, சேர்த்துப் பிரித்து −20°செ.-இல் வைக்கிறோம். டி.என்.ஏ.யேஸ் குலைந்து எழ முடியாமல் போகிறது. ரைபோநியூக்ளியேஸும் அந்த 15 நிமிடம் குலைந்துதான் கிடக்கிறது, ஆறும்போது மடிந்து வந்துவிடுகிறது. முதலிலேயே பி.எச். 7-க்குக் கொண்டுவந்து கொதிக்கவைத்தால் இந்தச் செறிவில் வெள்ளையாகத் திரண்டுவிடும், அதன்பின் மீளாது. அசிடேட்டின் வேலையே அதைத் தடுப்பதுதான்.

இதற்கு நேர் எதிர்ப்பக்கம் டி.இ.பி.சி. (டைஎத்தில் பைரோகார்பனேட்). 0.1% சேர்த்து இரவு முழுக்க வைத்துப் பின் ஆட்டோகிளேவ் செய்கிறோமே, அது அதே ரைபோநியூக்ளியேஸின் செயல் மையத்திலுள்ள ஹிஸ்டிடின்களோடு வினைபுரிந்து செயலைக் கொல்கிறது. சங்கிலியை அவிழ்த்துப்போட வேண்டிய அவசியம் அதற்கு இல்லை. கொதிக்கவைத்தால் இயல்பிழக்கிறது, ஆனால் செயல் திரும்பிவிடுகிறது. டி.இ.பி.சி.யில் செயல் ஒரேயடியாகப் போகிறது, ஆனால் அது இயல்பிழப்பால் அல்ல. ஒரே நொதி, இரண்டு விதம். இதையே எடுத்துக்காட்டாகப் போடுங்கள்.

ஆட்டோகிளேவ் மட்டும் செய்து ‘ஆர்.என்.ஏ.வுக்குப் பாதுகாப்பானது’ என்று எழுதி ஒட்டும் பழக்கம் ஏன் ஆபத்து என்பதும் இதிலேயே விளங்கும். டிரிஸ் கரைசலில் டி.இ.பி.சி. நேராகச் சேர்க்கக் கூடாது, டிரிஸின் அமினோ தொகுதியே அதைத் தின்றுவிடும். டி.இ.பி.சி. கொடுத்து ஆட்டோகிளேவ் செய்த நீரில் டிரிஸைக் கரைக்க வேண்டும்.

---

சொற்குறிப்பு எழுதியது:

‘நிரந்தரமாக’, ‘செயலிழந்து’ இரண்டையும் எடுத்துவிட்டேன். ‘உறைந்து’ ஏன் தவறு? முட்டையும் பாலும் நல்ல எடுத்துக்காட்டுகள் என்றுதானே எல்லாப் புத்தகத்திலும் இருக்கிறது?

---

பால்கூடம் எழுதியது:

முட்டை பாதி சரி. பால் தவறு. பாலைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன், ஏனென்றால் இந்த எடுத்துக்காட்டு ஒரு புத்தகத்திலிருந்து இன்னொன்றுக்கு அப்படியே நகர்ந்துகொண்டிருக்கிறது.

பால் புரதத்தில் சுமார் 80% கேசின், மீதி ஊனீர்ப் புரதங்கள் (பால் திரிந்ததும் பிரியும் தெளிநீரில் இருப்பவை). கேசினுக்கு இறுக்கமான மூன்றாம் நிலை மடிப்பே கிடையாது. தளர்ந்த சங்கிலிகள் கால்சியம் பாஸ்பேட்டோடு சேர்ந்து மைசெல் என்ற உருண்டைகளாக மிதக்கின்றன. குலைவதற்கு மடிப்பு இருந்தால்தானே இயல்பிழப்பு? 140°செ.-க்குச் சூடாக்கினாலும் நல்ல பால் பல நிமிடம் திரியாமல் தாக்குப்பிடிப்பது இதனால்தான்.

உறை மோர் ஊற்றினால் என்ன நடக்கிறது? லாக்டிக் அமிலம் பெருகி, பி.எச். 6.6-இலிருந்து இறங்குகிறது. கால்சியம் பாஸ்பேட் கரைந்து வெளியேறுகிறது. 4.6-ஐ நெருங்கும்போது கேசினின் நிகர மின்சுமை பூச்சியமாகி, ஒன்றையொன்று தள்ளிக்கொண்டிருந்த மைசெல்கள் ஒட்டிக்கொள்கின்றன. இது சமமின்புள்ளித் திரட்சி. எலுமிச்சை பிழிந்து பால் திரிவதும் அதே. சீஸுக்கு ரென்னெட் ஊற்றுவது வேறு கதை: கைமோசின் நொதி கப்பா-கேசினை 105, 106-ஆம் அமினோ அமிலங்களுக்கு நடுவே வெட்டுகிறது. அது நீராற்பகுப்பு. ஆக ‘பால் திரிதல்’ என்ற ஒரே பேச்சுவழக்குக்குள் குறைந்தது இரண்டு வேதி நிகழ்வுகள் இருக்கின்றன. இரண்டில் எதுவும் கேசினின் இயல்பிழப்பு அல்ல.

பாலில் உண்மையான இயல்பிழப்பு நடக்கும் இடம் எது தெரியுமா? உறை ஊற்றுவதற்கு முன்னால், பாலைக் காய்ச்சும்போது. பீட்டா-லாக்டோகுளோபுலின் என்ற ஊனீர்ப் புரதம் 70°செ.-ஐத் தாண்டியதும் அவிழத் தொடங்குகிறது. அதன் 121-ஆம் இடத்தில் ஜோடியில்லாத ஒரு சிஸ்டீன் மடிப்புக்குள் ஒளிந்திருக்கும். அவிழ்ந்ததும் அது வெளியே வந்து, மைசெல் மேலிருக்கும் கப்பா-கேசினோடு டைசல்பைடு பிணைப்பு போட்டுக்கொள்கிறது. இப்படி மேலுறை பூட்டிய மைசெல்கள் உறையும்போது வலை நெருக்கமாக விழுகிறது, நீரையும் பிடித்துவைத்துக்கொள்கிறது. வெறுமனே சூடேற்றி உறை ஊற்றிய தயிர் தளதளவென்று நீர் விட்டு நிற்பதும், நன்றாகக் காய்ச்சிய பாலின் தயிர் கரண்டியில் வெட்டி எடுக்கும்படி இருப்பதும் இந்த வேறுபாடுதான். தயிர் ஆலைகளில் 85°செ.-இல் 30 நிமிடமோ, 90 முதல் 95°செ.-இல் 5 நிமிடமோ வைப்பது கிருமிக்காக மட்டுமல்ல, இதற்காகவும்தான்.

செடார் போன்ற சீஸுக்கு இதே காரியம் கெடுதல். மேலுறை பூட்டிய கப்பா-கேசின் ரென்னெட் வேலையைத் தாமதமாக்கும், தயிர்க்கட்டி மெத்தென்று நொய்ந்துபோகும். அதனால் 72°செ., 15 வினாடி என்று நிறுத்திக்கொள்கிறார்கள். பனீருக்கு மறுபடி தலைகீழ்: 90°செ. அளவுக்குச் சூடாக்கி, சற்று ஆறியதும் 1 முதல் 2% சிட்ரிக் அமிலக் கரைசலை ஊற்றினால், அவிழ்ந்த ஊனீர்ப் புரதமும் கேசினோடு சேர்ந்து விழுந்து எடை கூடுகிறது.

ஆகையால் பால் எடுத்துக்காட்டை நீக்க வேண்டாம், இடம் மாற்றுங்கள்: *பால் காய்ச்சும்போது பீட்டா-லாக்டோகுளோபுலின் இயல்பிழக்கிறது. உறையும்போது கேசின் திரள்கிறது.*

---

மடிப்பு எழுதியது:

அருமை அக்கா. முட்டையைப் பற்றி நான் சேர்க்கிறேன். வெள்ளைக்கருவில் ஓவோடிரான்ஸ்ஃபெரின் 60°செ.-ஐத் தாண்டியதும் அவிழ ஆரம்பிக்கும், அதிக அளவில் உள்ள ஓவால்புமினுக்கு 80°செ.-ஐ ஒட்டிப் போக வேண்டும். அவிழ்வது முதல் படி. அவிழ்ந்த சங்கிலிகளின் நீர்வெறுக்கும் பகுதிகள் ஒன்றோடொன்று ஒட்டி வெள்ளையாகத் திரள்வது இரண்டாம் படி. முதல் படிதான் இயல்பிழப்பு. நம் கண்ணுக்குத் தெரிவது இரண்டாம் படி. மீளாமைக்குக் காரணமும் பெரும்பாலும் இரண்டாம் படிதான்.

2015-இல் ‘வெந்த முட்டையைப் பச்சையாக்கினார்கள்’ என்று செய்தி ஓடியது. கலிஃபோர்னியா இர்வைன், ஆஸ்திரேலியாவின் ஃபிளிண்டர்ஸ் பல்கலைக்கழகக் குழுக்கள் செய்தது: வெந்த வெள்ளைக்கருவை யூரியாவில் கரைத்து, மெல்லிய படலமாகச் சுழற்றும் கருவியில் இட்டு, அதிலிருந்த லைசோசைமை மீண்டும் மடிக்கவைத்தார்கள். முட்டை திரும்பவில்லை, ஒரு புரதம் திரும்பியது. யூரியா திரட்சியைப் பிரித்துக்கொடுத்ததால்தான் மடிப்பு சாத்தியமானது. நம் இரண்டு படிக் கணக்குக்கு இது நல்ல சான்று.

மறுதிசைக் குழப்பமும் உண்டு. அம்மோனியம் சல்ஃபேட் சேர்த்ததும் நொதி வெள்ளையாக விழுகிறது. அது இயல்பிழப்பு அல்ல. உப்பால் வெளித்தள்ளல். தாங்கல் கரைசலில் கரைத்து டயாலிசிஸ் செய்தால் செயலோடு எழும். அசிட்டோன் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. −20°செ.-இல் குளிர்ந்த அசிட்டோனை மெல்ல ஊற்றி உடனே பிரித்தால் பல நொதிகள் தப்பும். அறை வெப்பத்தில் ஊற்றினால் பல குலையும்.

---

யாழ்_நொதியம் எழுதியது:

நாங்கள் நொதியம் என்போம், நீங்கள் நொதி என்பீர்கள், பொருள் ஒன்றுதான். உயர்தர மாணவர்களின் விடைத்தாள்களில் திரும்பத் திரும்பக் காணும் பிழைகள் உங்கள் கையேட்டுக்கு உதவும்.

‘0°செ.-இல் நொதியம் இயல்பிழந்தது’ என்பது முதல் பிழை. குளிரில் மூலக்கூறுகளின் மோதலும் ஆற்றலும் குறைந்து தாக்கவேகம் விழுகிறது, மடிப்பு அப்படியே இருக்கிறது. 37°செ.-க்குக் கொண்டுவந்தால் வேகம் திரும்பும். அபூர்வமாகச் சில குளிரில் கெடும்: ஏ.டி.பி. சிந்தேஸ் என்ற நொதியத்தின் எஃப்1 பகுதி பனியில் வைத்தால் துணையலகுகளாகப் பிரிந்து செயலிழக்கும், அதை அறை வெப்பத்திலேயே வைக்க வேண்டும்.

‘நொதியம் இறந்துவிட்டது’ என்பது அடுத்தது. உயிரில்லாத மூலக்கூறு இறக்காது.

‘தடுப்பான் நொதியத்தை இயல்பிழக்கச் செய்தது’ என்பது இன்னொன்று. பி.எம்.எஸ்.எஃப். என்ற தடுப்பான் டிரிப்சினின் செயல் மையச் செரினோடு பிணைந்து நிற்கும், மடிப்பு நிற்கும், செயல் நிற்காது. ஈ.டி.டி.ஏ. உலோக அயனியைப் பறித்தாலும் பல நொதியங்களில் நிலைமை இதுவே.

வெட்டு நொதியங்களின் (டி.என்.ஏ.வைக் குறிப்பிட்ட வரிசையில் வெட்டுபவை) குறிப்புத் தாளிலும் ‘வெப்பச் செயலிழப்பு’ என்றுதான் இருக்கும். ஈகோ ஆர்1-க்கு 65°செ., 20 நிமிடம் போதும். ஹிண்ட்-3-க்கு 80°செ. வேண்டும். பாம் எச்1 வெப்பத்தால் நம்பகமாக அடங்காது, நிரல் வழியே சுத்திகரித்துத்தான் நீக்க வேண்டும். ‘சூடாக்கினால் எல்லா நொதியமும் இயல்பிழக்கும்’ என்று பொத்தாம்பொதுவாக எழுதியதை நம்பி அடுத்த லைகேஷனுக்குப் (டி.என்.ஏ. துண்டுகளை ஒட்டுவதற்கு) போனால், ஒட்டியதையெல்லாம் அடங்காத வெட்டு நொதியம் மறுபடி வெட்டிக்கொண்டிருக்கும்.

---

ஜெல்_தட்டு எழுதியது:

‘இயல்பிழக்கச் செய்யும் பொருள்’ என்று பட்டியல் போடும்போது எந்தச் செறிவு, எந்த வெப்பம், எந்தப் புரதம் என்று சொல்லாமல் விடாதீர்கள். எஸ்.டி.எஸ். (சோடியம் டோடெசில் சல்ஃபேட் என்ற சோப்புவகைப் பொருள்) எல்லாவற்றையும் குலைக்கும் என்று நம்புகிறோம். புரதங்களை வெட்டும் நொதியான புரோட்டினேஸ் கே 0.5% எஸ்.டி.எஸ்.-இல் 55°செ.-இல் நன்றாகவே வேலை செய்கிறது. டி.என்.ஏ. பிரித்தெடுப்பில் அதை அப்படித்தான் பயன்படுத்துகிறோம்: மற்ற புரதங்களை எஸ்.டி.எஸ். அவிழ்க்கிறது, அவிழ்ந்ததைப் புரோட்டினேஸ் கே வெட்டுகிறது. ஜி.எஃப்.பி. என்ற ஒளிரும் புரதத்தைச் சூடாக்காமல் எஸ்.டி.எஸ். ஜெல்லில் (மின்புலத்தில் புரதங்களைப் பிரிக்கும் ஜெல்) ஓட்டினால் பட்டை பச்சையாக ஒளிரும். ஸ்ட்ரெப்டாவிடின் என்ற புரதம் நான்கு துணையலகுகளும் சேர்ந்த உருவிலேயே ஓடும். கொதிக்கவைத்தால்தான் பிரியும்.

எஸ்.டி.எஸ். ஜெல்லுக்கான இரட்டைச் செறிவு மாதிரித் தாங்கல், 10 மி.லி.க்கு: 0.5 மோலார் டிரிஸ், பி.எச். 6.8, 2.5 மி.லி.; 10% எஸ்.டி.எஸ். 4 மி.லி.; கிளிசரால் 2 மி.லி.; மெர்காப்டோ எத்தனால் 1 மி.லி.; புரோமோபீனால் நீலம் 0.4 மி.கி.; நீர் 0.5 மி.லி. லெம்லி 1970-இல் வெளியிட்ட முறையின் அடிப்படைதான். மாதிரியும் இதுவும் சரிபாதி கலந்து 95°செ., 5 நிமிடம். ஒரு கிராம் புரதத்தை சுமார் 1.4 கிராம் எஸ்.டி.எஸ். போர்த்துவதால்தான் சுமை நீளத்துக்கு ஏற்றதாகி, ஓட்டம் எடையைப் பின்பற்றுகிறது.

எங்கே சொதப்பும்? சவ்வுப் புரதத்தைக் கொதிக்கவைத்தால் நீர்வெறுக்கும் பகுதிகள் திரண்டு, மாதிரியை இடும் ஜெல் கிணற்றிலேயே சிக்கும், பட்டை மேலே பூச்சாகத் தெரியும். அதற்கு 37°செ.-இல் 30 நிமிடம் போதும். மாதிரியில் பொட்டாசியம் இருந்தால் பொட்டாசியம் டோடெசில் சல்ஃபேட் வெள்ளைப் படிவாக விழும், பாஸ்பேட் தாங்கலில் சோடியம் உப்பையே எடுங்கள். குவானிடின் ஹைட்ரோகுளோரைடில் கரைத்த மாதிரியும் எஸ்.டி.எஸ். பட்டதும் உறைந்துபோகும். முதலில் 10% டி.சி.ஏ.வில் (டிரைகுளோரோ அசிட்டிக் அமிலம்) பனியில் 30 நிமிடம் வீழ்த்தி, குளிர்ந்த அசிட்டோனில் இருமுறை கழுவுங்கள். அமிலம் மிச்சமிருந்தால் தாங்கலின் நீலம் மஞ்சளாகும். நீலம் திரும்பும்வரை 1 மோலார் டிரிஸைத் துளித் துளியாக விடுங்கள்.

யூரியாவில் ஒரே எச்சரிக்கை. 8 மோலாருக்கு 100 மி.லி.யில் 48.05 கிராம். 50 மி.லி. தாங்கலில் தொடங்கிக் கரையக் கரைய நிரப்புங்கள். கரையும்போது குடுவை சில்லென்று குளிரும், வேகமாகக் கரையட்டும் என்று அடுப்பில் வைக்கத் தோன்றும். 37°செ.-ஐத் தாண்டவே கூடாது. யூரியா சிறிதளவு சயனேட்டாக மாறி, லைசினிலும் சங்கிலியின் அமினோ முனையிலும் ஒட்டி, ஒவ்வோர் ஒட்டுக்கும் 43 டால்டன் கூட்டிவிடும். பிறகு நிறைநிரலில் (மூலக்கூறு எடை அளவீட்டில்) இனம்தெரியாத உச்சிகளாக வந்து நிற்கும். அது இயல்பிழப்பு அல்ல, வேதி மாற்றம். ஆகவே எஸ்.டி.எஸ். தாங்கலில் யூரியா சேர்த்த மாதிரியை 95°செ.-இல் வைக்காதீர்கள்.

---

மடிப்பு எழுதியது:

இன்னொரு முக்கியமான விஷயம். ‘இயல்பிழந்த நிலை’ ஒரே நிலை அல்ல. 6 மோலார் குவானிடினில் சங்கிலி ஏறக்குறைய முழுதும் அவிழ்ந்து கிடக்கும். எஸ்.டி.எஸ்.-இல் சுருள் பகுதிகள் மிச்சமிருக்கும். வெப்பத்தில் குலைந்ததிலும் பல வேளை கொஞ்சம் அமைப்பு தங்கும். முழுதாக அவிழ்ந்த சங்கிலிகூட எப்படி வேண்டுமானாலும் வளையாது. சென்னைப் பல்கலைக்கழகத்திலிருந்து ஜி. என். ராமச்சந்திரன் குழு 1963-இல் வெளியிட்ட வரைபடம் காட்டும் அனுமதிக்கப்பட்ட கோணங்களுக்குள்தான் அதுவும் அலையும், அணுக்கள் இடித்துக்கொள்ளும் கோணத்துக்கு அது போக முடியாது.

அதனால் எதை வைத்து அளந்தீர்கள் என்பது வாக்கியத்திலேயே இருக்க வேண்டும். டிரிப்டோபேனை 295 நா.மீ.யில் தூண்டினால், புதைந்திருக்கும்போது 330-ஐ ஒட்டிய ஒளிர்வு, நீரில் வெளிப்பட்டதும் 350-க்கு மேல் நகரும். அது மூன்றாம் நிலையைச் சொல்கிறது. வட்ட இருநிறத்தன்மையை 222 நா.மீ.யில் அளந்தால் ஆல்பா சுருளைச் சொல்கிறது. செயல் அளவீடு செயல் மையத்தை மட்டுமே சொல்கிறது. மூன்றும் ஒரே யூரியா செறிவில் ஒன்றாக விழுந்தால் இருநிலை மாற்றம் என்று கருத இடமுண்டு. வெவ்வேறு இடத்தில் விழுந்தால் நடுவே ஒரு இடைநிலை இருக்கிறது.

யூரியா வளைவு எடுப்பவர்கள் 0 முதல் 8 மோலார் வரை 0.25 இடைவெளியில் குழாய்கள் வைத்து, இரவு முழுக்க 25°செ.-இல் சமநிலைக்கு விடுங்கள். கூடவே 8 மோலாரிலிருந்து நீர்த்துக் கீழிறங்கும் இன்னொரு வரிசையும் வையுங்கள். இரண்டு வளைவும் ஒன்றன்மேல் ஒன்று படிந்தால் மட்டுமே மீளக்கூடியது என்று எழுதலாம், அப்போதுதான் அதிலிருந்து நிலைப்பாற்றல் கணக்கிடலாம். வெப்ப வளைவிலும் அதே: 95°செ. வரை போய், ஆறவிட்டு, மீண்டும் ஏற்றுங்கள். இரண்டாம் முறை மாற்றமே தெரியவில்லையென்றால் முதல் முறை கிடைத்த டி.எம். (பாதி குலையும் வெப்பநிலை) சூடேற்றும் வேகத்தைப் பொறுத்து மாறும். அதைத் ‘தோற்ற உருகுநிலை’ என்று மட்டும் எழுதுங்கள்.

---

இரட்டைச்சுருள் எழுதியது:

டி.என்.ஏ. பக்கம். இங்கே இயல்பிழப்பு என்றால் இரண்டு இழைகளுக்கிடையிலான ஹைட்ரஜன் பிணைப்பும் காரங்களின் (டி.என்.ஏ.வின் எழுத்துகளான ஏ, டி, ஜி, சி) அடுக்கும் குலைந்து இழைகள் பிரிவது. பாஸ்போடைஎஸ்டர் முதுகெலும்பு அறுபடாது. ‘சகப்பிணைப்பு அறாமல் அமைப்பு மட்டும் குலைதல்’ என்ற மையப்பொருள் ஒன்றே என்பதால் புரதத்துக்கான சொல்லையே வைக்கலாம். பேச்சில் நாங்கள் ‘உருகுதல்’ என்றும் சொல்வோம்.

ஒரு மி.லி.யில் 50 மைக்ரோகிராம் இரட்டை இழை டி.என்.ஏ. 260 நா.மீ.யில் 1.0 உட்கவர்வு காட்டும். அதையே உருக்கினால் 1.4-ஐ ஒட்டி ஏறும். செறிவு மாறவில்லை, அடுக்கு குலைந்ததால் உட்கவர்வு கூடியது. சூடான மாதிரியை அளந்துவிட்டு டி.என்.ஏ. கூடிவிட்டது என்று கணக்குப் போடுவோர் கவனிக்க. உருகியதைப் பனியில் சட்டென்று குளிர்வித்தால் பெரும்பாலும் ஒற்றை இழையாக நிற்கும். மெல்ல ஆறவிட்டால் ஜோடி தேடிக்கொள்ளும்.

பி.சி.ஆரில் (டி.என்.ஏ.வைப் பலமடங்காக்கும் முறை) இழைகளைப் பிரிக்க 94 முதல் 95°செ. போதும். ஜி-சி மிகுந்த இடம் பிரிய மறுத்தால் நேரத்தைக் கூட்டுவதைவிட 3 முதல் 10% டி.எம்.எஸ்.ஓ. என்ற கரைப்பானைச் சேர்ப்பது நல்லது. 95°செ.-இல், டி.என்.ஏ.வை நகலெடுக்கும் டாக் நொதியின் அரைவாழ்வு சுமார் 40 நிமிடம், 97.5°செ.-இல் 10 நிமிடத்துக்கும் குறைவு. வார்ப்பு இழை இயல்பிழக்க வேண்டும், நொதி இயல்பிழக்கக் கூடாது. ஒரே குழாயில் இரண்டுக்கும் அதே சொல் என்பதால் எதன் இயல்பிழப்பு என்று எப்போதும் எழுதுங்கள்.

---

யாழ்_நொதியம் எழுதியது:

சொல்லைப் பற்றி ஒரு யோசனை. புணர்ச்சி இலக்கணத்தில் இயல்பு, விகாரம் என்ற பிரிவு நம்மிடம் ஏற்கெனவே உண்டு. விகாரம் மூன்று: தோன்றல், திரிதல், கெடுதல். நினைவில் வைக்கக் கச்சிதம்: சயனேட், டி.இ.பி.சி. புதிதாக ஒட்டிக்கொள்வது தோன்றல், நீராற்பகுப்பில் சங்கிலி அறுவது கெடுதல், மடிப்பு மட்டும் மாறுவது திரிதல். ‘இயல்புதிரிதல்’ என்றே வைத்தால் என்ன?

---

பால்கூடம் எழுதியது:

நினைவுக்குறியாக நன்றாயிருக்கிறது, கலைச்சொல்லாக வேண்டாம். ‘திரிதல்’ என்றதும் எல்லார் மனமும் திரிந்த பாலுக்குப் போகும். எந்தக் குழப்பத்தைப் பிரிக்க இவ்வளவு எழுதினோமோ அதே குழப்பம் சொல்லுக்குள்ளேயே குடியேறும். இயல்பிழப்பு, அதற்கு ஜோடியாக இயல்புமீட்சி. இரண்டும் போதும்.

---

மடிப்பு எழுதியது:

ஒப்புக்கொள்கிறேன். தன்வினை, பிறவினை வேறுபாட்டையும் விடாதீர்கள். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே வினை, தமிழில் அப்படி இல்லை. புரதம் இயல்பிழந்தது. யூரியா புரதத்தை இயல்பிழக்கச் செய்தது. ‘யூரியா இயல்பிழந்தது’ என்று ஓர் ஆய்வேட்டில் வந்தால் பொருளே கவிழ்ந்துவிடும். யூரியா, குவானிடின் வகைக்கு ‘இயல்புகுலைப்பான்’ என்று வைக்கலாம்.

ஸ்பிரிட்டுக்கு இந்தச் சொல் கூடவே கூடாது. அங்கே எத்தனால் மூலக்கூறுக்கு எதுவும் நடக்கவில்லை. குடிக்க முடியாதபடி மெத்தனால், பிரிடின், கசப்பான டெனடோனியம் பென்சோயேட் போன்றவை கலந்திருக்கிறார்கள், அவ்வளவுதான். ‘குடிதகா ஆல்கஹால்’ என்று தனிப் பதிவாகப் போடுங்கள்.

---

இரட்டைச்சுருள் எழுதியது:

அந்தப் பதிவில் ஒரு வரி சேருங்கள்: டி.என்.ஏ.வை வீழ்த்தவோ 70% கழுவலுக்கோ அதை எடுக்காதீர்கள். பிரிடின் 257 நா.மீ.யை ஒட்டி வலுவாக உட்கவரும். 260-இல் நீங்கள் படிப்பது டி.என்.ஏ.வா பிரிடினா என்று தெரியாது.

---

சொற்குறிப்பு எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. திருத்திய பதிவு:

*இயல்பிழப்பு: சங்கிலியின் சகப்பிணைப்பு முதுகெலும்பு அறாமல், புரதத்தின் இயல்நிலை மடிப்போ நியூக்ளிக் அமிலத்தின் இரட்டை இழை அமைப்போ குலைதல். மீளலாம், மீளாமலும் போகலாம். திரட்சி, வீழ்படிவு, செயலிழப்பு ஆகியவை உடன் நிகழக்கூடும், அவை வேறு. எ.கா. பால் காய்ச்சும்போது பீட்டா-லாக்டோகுளோபுலின். 8 மோலார் யூரியாவில் ரைபோநியூக்ளியேஸ் ஏ. பிளாஸ்மிடு எடுக்கையில் காரத்தில் டி.என்.ஏ.*

கடைசி எடுத்துக்காட்டில் ஒரு சந்தேகம். காரத்தில் பிளாஸ்மிடும் இயல்பிழக்கிறது, பிறகு மீள்கிறது என்று எழுதினால் சரியா?

---

இரட்டைச்சுருள் எழுதியது:

5 நிமிடத்துக்குள் என்றால் சரி. 0.2 மோலார் சோடியம் ஹைட்ராக்சைடும் 1% எஸ்.டி.எஸ்.-உம் சேர்ந்த கரைசலில் பிளாஸ்மிடின் இரண்டு இழை வளையங்களும் ஏ-டி, ஜி-சி ஜோடிகளை இழந்தாலும், சங்கிலிக் கண்ணிபோல் ஒன்றுக்குள் ஒன்று கோத்திருப்பதால் பிரிந்து போக முடியாது. பொட்டாசியம் அசிடேட் ஊற்றி நடுநிலையாக்கியதும் சட்டென்று பழைய ஜோடியைப் பிடித்துக்கொள்கின்றன. குரோமோசோம் டி.என்.ஏ. நீளமானது, குழம்பிப்போய், பொட்டாசியம் டோடெசில் சல்ஃபேட் படிவோடும் புரதங்களோடும் சேர்ந்து அடியில் இறங்குகிறது. மாதிரித் தாங்கலில் ஜெல்_தட்டு தொல்லை என்று சொன்ன அதே படிவு இங்கே நமக்கு வேலை செய்கிறது.

காரத்தில் அதிக நேரம் விட்டால் பிளாஸ்மிடின் ஒரு பகுதி மீளாமல் இயல்பிழந்த வளையமாக நின்றுவிடும். ஜெல்லில் மீச்சுருள் (இறுக முறுக்கிய இயல்பான பிளாஸ்மிடு) பட்டைக்கும் முன்னால் மங்கலாக ஒரு பட்டை ஓடும். வெட்டு நொதி எவ்வளவு ஊற்றினாலும் அது வெட்டுப்படாது. அந்தப் பட்டையைப் பார்த்ததும் நொதி கெட்டுவிட்டது என்று புதுப் புட்டி உடைக்க வேண்டாம். அடுத்த முறை குழாயை நாலைந்து தடவை மெல்லக் கவிழ்த்து நிமிர்த்துங்கள், வார்டெக்ஸ் குலுக்கியில் வைக்காதீர்கள், கரைசல் தெளிந்து கொழகொழப்பானதும் 5 நிமிடம் ஆகக் காத்திராமல் நடுநிலையாக்கிவிடுங்கள்.